குதிகாலால் கேட்ட ரயில்

சென்ற மாதம் எங்கள் வீட்டுக்கு வாஷிங் மெஷின் வந்தது. பெங்களூர் ஈஜிபுராவில் நாங்கள் குடியிருக்கும் சந்துக்குள் அதைக் கொண்டுவர இரண்டு பைக்குகளை நகர்த்தவும், ஓர் ஆட்டோக்காரரிடம் வசவு வாங்கவும் வேண்டியிருந்தது. மாட்டிக் கொடுக்க வந்தவர் சுறுசுறுப்பான ஆள். குழாயை இணைத்தார், வயரைச் சொருகினார், கடைசியில் பையிலிருந்து நான்கு கறுப்பு வில்லைகளை எடுத்து மெஷினின் கால்களுக்கு அடியில் தள்ளினார்.

"இன்னாங்க இது?" என்றேன்.

"ரப்பர் பேடு அண்ணா. இத்த வெச்சா சத்தமே வராது. பக்கத்துல படுத்துத் தூங்கலாம்."

புது ரப்பரின் வாசனை உங்களுக்கும் தெரியும். சைக்கிள் கடையில், செருப்புக் கடையில், மழைக்கோட்டை முதன்முதலாகப் பிரிக்கும்போது வரும் அதே வாசனைதான். அது மூக்கில் ஏறியதும் என் வலது குதிகால் சில்லிட்டுப்போனது. மூக்குக்கும் குதிகாலுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். டாக்டரிடம் சொன்னால் சிரிப்பார். அந்த ஆள் சந்து முனையைத் தாண்டியதும் நான்கு பேடுகளையும் உருவி எடுத்துவிட்டேன். இப்போது துணி பிழியும் நேரத்தில் மெஷின் குளியலறையில் ஓரடி நடந்து போகிறது; அலமாரியில் தட்டுகள் கிடுகிடுக்கின்றன. மனைவி திட்டுகிறாள். ஏன் உருவினேன் என்று அவளிடம் இன்னும் சொல்லவில்லை. உங்களிடம் சொல்கிறேன்.

நான் கோலார் தங்கவயலில் பிறந்தவன். எட்டாம் வகுப்பில் இரண்டு வருடம் உட்கார்ந்தேன். மூன்றாம் வருடமும் அதே பெஞ்சில் உட்கார வெட்கமாக இருந்ததால் பெங்களூருக்கு ரயில் ஏறினேன். அடுகோடியில் லேத் பட்டறை, அப்புறம் ஒரு பேக்கரி, அப்புறம் வீடுகளுக்குச் சுண்ணாம்பு அடிக்கும் வேலை. எங்கேயும் மூன்று மாதம் தாண்டியதில்லை. சண்டை போட்டு வெளியே வந்தேன் என்று ஊரில் சொல்லிக்கொள்வேன். பாதி இடங்களில் துரத்தினார்கள் என்பதுதான் உண்மை.

தொண்ணூறுகளில் ஒரு காலை, அடுகோடி முனையில் வேலைக்கு ஆள் பொறுக்க வந்த ஒரு மேஸ்திரி எங்கள் எட்டுப் பேரை லாரியில் ஏற்றினார். ஓசூர்ப் பக்கம் போகும் சின்ன ரயில் பாதையைப் பெரிய பாதையாக மாற்றுகிறார்கள், ஒரு வருடத்துக்கு வேலை இருக்கும் என்றார். ஒரு வருடம் என்ற சொல் எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் லாரி கிளம்பிவிட்டது.

இறங்கிய இடத்தின் பெயர் முத்தனகெரே ரோடு. பெயரில்தான் ரோடு. முத்தனகெரே என்ற ஊர் ராகிக் கொல்லைகளுக்கு அப்பால் எங்கோ இருந்தது. அங்கே போக ரோடு கிடையாது. ஸ்டேஷன் என்பது ஒரு கல் கட்டடம், ஒரு மணி, ஒரு வேப்பமரம். அதையொட்டிப் பாதையின் கிழக்கே பன்னிரண்டு ஓட்டு வீடுகள். பாதையைப் பராமரிக்கும் கேங்மேன்களுக்காக வெள்ளைக்காரன் காலத்தில் கட்டியவை. வடாற்காட்டுப் பக்கத்திலிருந்து அந்தக் காலத்தில் மண் வெட்ட வந்தவர்கள் அப்படியே தங்கிவிட்டார்கள். அப்பனுக்குப் பின் மகன், மகனுக்குப் பின் அவன் மகன் என்று அதே பாதையில் அதே கடப்பாரை. வீட்டில் தமிழ், ஸ்டேஷன் மாஸ்டரிடம் கன்னடம். மளிகை வாங்கவும், கல்யாணத்துக்குப் போகவும், பிரசவத்துக்குப் போகவும் எல்லாமே ரயில்தான். ரயில் நிற்காவிட்டால் அந்த இடத்துக்கு உலகமே கிடையாது.

கிணறு மட்டும் பாதையின் மேற்கே இருந்தது. வீடு கட்டியவனும் கிணறு வெட்டியவனும் ஒருவரையொருவர் பார்த்ததே இல்லை போலும். ஒரு குடம் தண்ணீருக்குப் பாதையை இரண்டு முறை தாண்ட வேண்டும். தாண்டுகிற இடத்துக்கு இந்தப் பக்கம் ஒரு வளைவு, அந்தப் பக்கம் இன்னொரு வளைவு. இரண்டுமே பாறையைக் குடைந்து வெட்டிய பள்ளத்துக்குள் போய் மறையும். இடமும் வலமும் எவ்வளவு எட்டிப் பார்த்தாலும் பாறைதான் தெரியும்.

இதெல்லாம் எனக்கு முதல் நாள் தெரியாது. மதியச் சாப்பாடு முடித்துக் கை கழுவக் கிணற்றுப் பக்கம் நடந்தேன். தண்டவாளத்தை நான் தாண்டியதுதான் தாமதம், பின்னாலிருந்து ஒரு விறகுக் கட்டை பறந்து வந்து காலருகே விழுந்தது.

"எவன்டா அவன், கால் வெக்காம தாண்டறவன்? திரும்பி வாடா!"

அப்படித்தான் சரோஜாக்காவின் குரலை முதலில் கேட்டேன். எங்கள் எட்டுப் பேருக்கும் சமைத்துப்போட மேஸ்திரி ஏற்பாடு செய்திருந்த அம்மாள். நாற்பதைத் தாண்டிய, நல்ல ஆகிருதியான பெண். இரண்டு பக்கமும் மூக்குத்தி. வந்த பாதையிலேயே என்னைத் திரும்பி வரச் செய்தாள். "செருப்பக் கழட்டு. சோத்துக்கை பக்கத்துக் கால எடு. குதிய இரும்பு மேல வை. வெச்சிட்டு வாய மூடு" என்றாள். வெயிலில் காய்ந்த இரும்பு குதியைச் சுட்டது. கூட வந்த ஏழு பேரும் சிரித்தார்கள். பிறகு அந்த ஏழு பேரும் அதையே செய்ய வேண்டியிருந்தது.

அதுதான் அந்தக் காலனியின் வழக்கம். வடக்கே ஒரு சின்னப் பாலம், தெற்கே ஒன்று. இரண்டு பாலங்களின் மேலும் தண்டவாளத் துண்டுகள் சேரும் இடம் கொஞ்சம் ஆட்டம் கண்டிருக்கும். வண்டியின் சக்கரம் அதில் ஏறி இறங்கும்போது எழும் தட்டல் இரும்பு வழியாகவே ஓடி வந்து குதிகாலில் இடிக்கும். டொக்டொக், டொக்டொக். காதுக்கு எதுவும் கேட்காது, காலுக்குக் கேட்கும். அது கேட்ட பிறகும் ஒரு வெற்றிலையை மடித்து வாயில் போடும் அளவுக்கு நேரம் இருக்கும். தட்டல் இல்லையென்றால் தாண்டலாம். கால் வைக்காமல் தாண்டியவர் யாராக இருந்தாலும் திரும்பிப் போய், கால் வைத்து, மறுபடி தாண்ட வேண்டும். ஒருமுறை ஸ்டேஷன் மாஸ்டரையே திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். புது மருமகள் வந்தால் வீட்டுக்குள் விடுவதற்கு முன்பு தண்டவாளத்துக்குத்தான் அழைத்துப்போவார்களாம்.

"நான் பட்டுச்சேலையோட நின்னேன்" என்று சரோஜாக்கா சொல்லிச் சிரிப்பாள். "இந்த மனுஷன் மாலையோட பக்கத்துல நிக்கறாரு. கூட்ஸ் வருதா பாசஞ்சர் வருதான்னு கேக்கறாங்க. எனக்கு இன்னா தெரியும்? மாட்டுவண்டின்னு சொன்னேன்."

இந்த மனுஷன் என்பது அவள் புருஷன் பெருமாள். கீமேன். சுத்தியலைத் தோளில் போட்டுக்கொண்டு தினமும் பாதையில் மைல் கணக்கில் நடந்து, தண்டவாளத்தைப் பிடித்திருக்கும் ஆப்புகள் தளர்ந்திருந்தால் அடித்து இறுக்குவதுதான் கீமேனின் வேலை. ஒல்லியான மனிதர். பேச்சு குறைவு. அவர் பங்கையும் சேர்த்து அக்கா பேசினாள். ஒரே மகளை ஜோலார்ப்பேட்டையில் கட்டிக்கொடுத்திருந்தார்கள்.

மூன்று மாதம் தாண்டியும் நான் ஓடவில்லை. காரணம் களியும் கருவாட்டுக் குழம்பும். வேறு காரணம் இருந்ததாகச் சொல்லிக்கொள்ளலாம், ஆனால் அதுதான் காரணம்.

பிறகு சின்ன வண்டிகளை நிறுத்தினார்கள். பழைய தண்டவாளத்தைப் பெயர்த்தோம். மரக்கட்டைகளைத் தூக்கிவிட்டு சிமெண்ட் கட்டைகளைப் போட்டோம். எனக்கு ஒதுக்கியது சுலபமான வேலை. சிமெண்ட் கட்டையின் மேல், இரும்பு உட்காரும் இடத்தில் ஒரு ரப்பர் பேடை வைக்க வேண்டும். அடுத்த கட்டைக்கு நகர வேண்டும். அங்கே ஒன்று. நாள் முழுக்க அதுதான். பேடுகள் சாக்குகளில் வரும். சாக்கைப் பிரித்தால் அந்த வாசனை. களி உருண்டையிலும் அதே வாசனை அடிக்கும், என் கையிலிருந்து.

இரும்பையும் துண்டு துண்டாக விடவில்லை. நெருப்பு மூட்டி, உருக்கி ஊற்றி, ஒன்றோடு ஒன்றைச் சேர்த்து நீளமாக்கினார்கள். பாலத்து மேல் இருந்த அந்த ஆட்டமும் போயிற்று.

ஒரு நாள் சோறு கொண்டுவந்த சரோஜாக்கா ஒரு பேடை எடுத்து முகர்ந்து பார்த்தாள். அமுக்கிப் பார்த்தாள்.

"இரும்புக்கு எதுக்குடா மெத்தை? அதுக்கு இடுப்பு வலியா?"

"அதிராம இருக்கறதுக்குக்கா."

அவள் சிரிப்பை நிறுத்திவிட்டாள். "அதிரலன்னா எங்களுக்கு எப்பிடிடா தெரியும்?"

எத்தனையோ பேர் வரைபடம் வைத்துக்கொண்டு வந்துபோனார்கள். யாரும் கேட்காத கேள்வியை அவள் கேட்டாள். அதுவும் என்னிடம் கேட்டாள். நான் தெரியாது என்று சொல்லியிருக்கலாம். எட்டாம் வகுப்பில் அந்தப் பதிலைத்தான் இரண்டு வருடம் சொன்னேன். ஆனால் அன்று தலையில் துண்டு கட்டி, இடுப்பில் கை வைத்து, ஏதோ பெரிய ஆள் மாதிரி நின்றேன்.

"தெரியும்கா. முன்னவிட நல்லாவே தெரியும். பழைய இரும்பு துண்டு துண்டா கெடந்துச்சு. இது ஒரே இரும்பு. ஓசூர்ல வண்டி கெளம்பினா இங்க கால்ல இடிக்கும். கோலார்க்காரன்கா நானு, இரும்பு எனக்குத் தெரியாதா?"

"பீத்தாதடா. கோலார்ல வெட்டினது தங்கம்." கூடையை எடுத்துக்கொண்டு கொஞ்ச தூரம் போனவள் திரும்பிப் பார்த்தாள். "நெசமாத்தான சொல்ற?"

"சத்தியமா."

அந்த ஒரு சொல்லுக்கு அன்று எந்த எடையும் இல்லை. குழம்பில் இன்னொரு துண்டு கருவாடு கேட்பது மாதிரிதான் சொன்னேன்.

வண்டி இல்லாத மாதங்களில் காலனி மாறிப்போனது. ஜல்லி மேல் ராகி காயப்போட்டார்கள். பிள்ளைகள் பாதையிலேயே பம்பரம் விட்டார்கள். சரோஜாக்கா மட்டும் குடத்தோடு வந்து, இரும்பே இல்லாத இடத்திலும் குதிகாலை ஜல்லியில் ஊன்றி நின்றுவிட்டுத்தான் தாண்டுவாள்.

"இன்னாக்கா கேக்குது?" என்று கேலி செய்வேன்.

"உன் வயிறு கத்தறது கேக்குது. வந்து துன்னு."

புது இரும்பும் அந்த இடத்துக்கு வந்து சேர்ந்தது. முதல் எஞ்சின் வருகிற நாளில் காலனியே கல்யாண வீடு போல இருந்தது. மாவிலை, தேங்காய், கற்பூரம், முத்தனகெரேயிலிருந்து மேளம். புது இரும்பில் கால் வைத்துக் கேட்டுப்பார்க்க வேண்டும் என்றுதான் எல்லோரும் வரிசையாக நின்றார்கள். ஆனால் மேளச் சத்தம், பிள்ளைகளின் கூச்சல், எஞ்சினும் தூரத்திலிருந்தே ஹாரன் அடித்துக்கொண்டு வந்தது. காலில் என்ன வந்தது என்று யாரும் கவனிக்கவில்லை. எஞ்சினுக்கு மாலை போட்டோம். டிரைவருக்கு இளநீர் கொடுத்தோம்.

அதற்குப் பிறகு நேரம் காலம் இல்லாமல் ஜல்லி வண்டிகளும் தனி எஞ்சின்களும் வந்துபோயின. நாலைந்து நாள் ஒன்றும் ஆகவில்லை. எப்படி ஆகாமல் இருந்தது என்று இப்போது யோசித்தால்தான் திகில்.

அன்று மதியம் சாப்பிட்ட தட்டை வீடுகளுக்கு முன்னால் இருந்த தொட்டியில் கழுவிக்கொண்டிருந்தேன். சரோஜாக்கா கிணற்றிலிருந்து வந்தாள். இடுப்பில் பித்தளைக் குடம். தண்டவாளத்தருகே நின்றாள். செருப்பைக் கழற்றினாள். குதிகாலை வைத்தாள். வழக்கத்தைவிட அதிக நேரம் நின்றாள். அது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. புருவத்தைச் சுருக்கி, தலையைச் சாய்த்து நின்றாள். பிறகு என்னைப் பார்த்தாள். ஒன்றும் இல்லை என்பது போலத் தலையாட்டினாள்.

"ஒன்னும் இல்லக்கா, வாங்க" என்று நானும் சொன்னேன்.

பெட்டி இல்லாத தனி எஞ்சின். இறக்கத்தில் வந்ததால் இரைச்சல்கூட இல்லை. டிரைவர் ஹாரன் அடித்தார், ஹாரனும் எஞ்சினும் பாறையைத் திரும்பி ஒன்றாகவே வந்தன. குடம் உருண்டு நாங்கள் இருந்த பக்கம் வந்து தொட்டியில் முட்டி நின்றது. அதில் பாதித் தண்ணீர் இன்னும் இருந்தது.

முதலில் யாரும் அழவில்லை. வீடுகளிலிருந்து ஓடி வந்தவர்கள் நின்றுவிட்டார்கள். அவர்கள் அவளைப் பார்க்கவில்லை, தண்டவாளத்தைப் பார்த்தார்கள். கூடப் பிறந்தவன் கத்தியை எடுத்துவிட்டால் எப்படிப் பார்ப்பார்களோ அப்படி. மூன்று தலைமுறை அந்த இரும்பு அவர்களிடம் பொய் சொன்னதில்லை. ஒரு கிழவர் மெதுவாக நடந்து போய்க் குதிகாலை வைத்துப் பார்த்துவிட்டு எடுத்தார். அதன் பிறகுதான் அழுகைச் சத்தம் எழுந்தது.

பெருமாள் அப்போது வடக்கே பாதையில் இருந்தார். அந்த எஞ்சின் அவரைத் தாண்டித்தான் வந்தது. முறைப்படி ஒதுங்கி நின்று, பச்சைக் கொடி காட்டி அனுப்பியிருக்கிறார்.

மறுநாள் அடக்கம் முடிந்து வந்த பிறகு, அவர் வேட்டியோடு போய்ப் பாதையில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். இரும்பில் உள்ளங்கையை வைத்தார். யாரும் தடுக்கவில்லை. பக்கத்தில் நான் நின்றேன். வெகுநேரம் கழித்து, "கால் வை" என்றார். வைத்தேன். தட்டல் ஒன்றும் இல்லை. ஆனால் கொசு ஒன்று தோலுக்குள் புகுந்துகொண்டது போல மெல்லிய ரீங்காரம் இருந்தது. நான் ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள் என் கையைப் பிடித்து இழுத்து ஒதுக்கினார். ஜல்லி வண்டி போயிற்று.

"சொல்லுது பாத்தியா" என்றார். "வேற மாதிரி சொல்லுது. நமக்குத்தான் தெரியல."

அன்று சாயங்காலமே பையைத் தூக்கிக்கொண்டு ராகிக் கொல்லை வழியாக நடந்துவிட்டேன். யாரிடமும் சொல்லவில்லை. ஓடுவது எனக்குப் பழகிய வேலை. ஆனால் மற்ற இடங்களிலிருந்து ஓடியபோது பின்னால் எதுவும் வந்ததில்லை. இந்த முறை சத்தியமா என்ற சொல் கூடவே வந்தது. திருப்பூர் போனேன், பெல்லாரி போனேன், லாரியில் கிளீனராக இருந்தேன். எங்கே படுத்தாலும் வந்தது.

இரண்டாயிரத்துக்குப் பிறகு ஒரு வருடம், அத்திபெலேயில் ஒரு லாரி ஆபீஸில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தேன். நெடுஞ்சாலையோரத் தேநீர்க் கடையில் காக்கிச் சட்டை போட்ட வாட்ச்மேன் ஒருவர் பன்னைத் தேநீரில் தோய்த்துக்கொண்டிருந்தார். பெருமாள். முடி முழுக்க வெளுத்திருந்தது. கண்ணில் பட்டதும் நழுவப் பார்த்தேன்.

"இன்னாடா கோலாரு, ஓடறியா? டீ சொல்லு" என்றார்.

தேநீர் வந்தது. ஸ்டேஷனை மூடிவிட்டதையும், கேங்மேன்களை ஆளுக்கு ஒரு பக்கமாக மாற்றிவிட்டதையும், அந்தப் பன்னிரண்டு வீடுகளையும் இடித்துவிட்டதையும் பன்னைப் பிய்த்துக்கொண்டே சொன்னார். அவர் ரிட்டயராகி, இங்கே ஒரு கம்பெனி கேட்டில் உட்கார்ந்திருக்கிறார். தேநீர் ஆறியது.

"அண்ணே, அக்கா அன்னிக்கு என்கிட்ட கேட்டாங்க. புது இரும்பு தெரியுமான்னு. தெரியும்னு நான்தான் சொன்னேன். சத்தியம் பண்ணேன்."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபமே இல்லை. அதுதான் என்னைப் பயமுறுத்தியது.

"தெரியும். அன்னிக்கே வந்து சொன்னா. கோலாரு பீத்திக்கறான், அவனுக்கு இன்னா தெரியும், நீ சொல்லுய்யான்னு என்னைக் கேட்டா."

"நீங்க?"

"நானும் அதேதான் சொன்னேன்."

கடைக்காரர் பால் பாத்திரத்தை இறக்கி வைத்தார். அந்தச் சத்தம் கேட்டது நினைவிருக்கிறது.

"முப்பது வருஷ கீமேன்" என்றார் பெருமாள். "தெரியாதுன்னு பொண்டாட்டிகிட்ட சொல்ல வாய் வரல. என்ன நம்பித்தான் கால வெச்சா. உன்ன நம்பி இல்ல. நீ யார்ரா?"

அத்தனை வருடம் நான் சுமந்ததை அவர் ஒரே வார்த்தையில் இறக்கி வைத்துவிட்டார். எனக்கு இலேசாக இருந்திருக்க வேண்டும். ஆனால் இல்லை. நான் ஓடித் திரிந்தேன். அந்த மனிதர் இதை வைத்துக்கொண்டு தினமும் அதே பாதையில், ரிட்டயராகும் வரை, சுத்தியலோடு நடந்திருக்கிறார்.

கம்பெனி சாலைக்கு அந்தப் பக்கம். வா என்றார். லாரிகளும் பஸ்களும் இடைவெளி விடாமல் போய்க்கொண்டிருந்தன. ஓரக்கல் அருகே போனதும் அவர் நின்றார். வலது செருப்பைக் கழற்றினார். குதிகாலைக் கல்லின் மேல் வைத்து, தலையைச் சற்றுச் சாய்த்தார். அந்தச் சாலை ஒரு கணமும் அதிராமல் இருக்காது. அதில் என்ன தெரியப்போகிறது? ஆனால் அவர் காலை எடுக்கும்வரை நானும் நின்றேன். பிறகு என் செருப்பையும் கழற்றினேன்.

அவரை அதன் பிறகு பார்க்கவில்லை. அடுத்த முறை அத்திபெலே போனபோது கேட்டில் வேறு ஆள் இருந்தார்.

இந்த வாஷிங் மெஷின் வந்த அடுத்த வாரம் ஒரு வேலையாக ஓசூருக்கு ரயிலில் போனேன். பாறை வளைவை வைத்து இடத்தைக் கண்டுபிடிக்க ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தேன். வேப்பமரம் இல்லை, கிணறு இல்லை, கல் கட்டடமும் இல்லை. கிழக்கே நீளமாக ஒரு மதில், அதற்குப் பின்னால் வரிசையாக அடுக்குமாடி பால்கனிகள். தாண்டுவதற்கு வழியும் இல்லை, தாண்ட ஆளும் இல்லை. நான் செருப்பைக் கழற்றிக் குதிகாலைப் பெட்டியின் தரையில் வைத்தேன். பாலம் வந்தது, போயிற்று. ஒரு தட்டல்கூட இல்லை. பக்கத்து சீட்டில் இருந்தவர் என் தோளில் சாய்ந்து, வாயைத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தார்.